உயிர் பிழைத்துத் திரும்பியவர்கள் எழுதியவை: எதைப் படிப்பது, எவ்வளவு நம்புவது?

கேள்வி: பதினொன்றாம் வகுப்பு படிக்கும் என் மகளும் நானும் ஆன் ஃபிராங்கின் நாட்குறிப்பைப் படித்து முடித்தோம். நாஜி முகாம்களிலிருந்து உயிரோடு திரும்பிய யூதர்கள் எழுதிய நினைவு நூல்களை அடுத்துப் படிக்க விரும்புகிறோம். எதில் தொடங்கலாம்? பல ஆண்டுகள் கழித்து எழுதப்பட்டவற்றை எவ்வளவு தூரம் நம்பலாம்? பொய்யாக எழுதிப் பிடிபட்டவர்களும் உண்டு என்கிறார்களே?

பதில்:

ஆன் ஃபிராங்க் கடைசியாக எழுதியது 1944 ஆகஸ்ட் 1 அன்று. மூன்று நாள் கழித்து அந்த மறைவிடத்தில் இருந்த எட்டுப் பேரும் பிடிபட்டார்கள். திரும்பி வந்தவர் தந்தை ஓட்டோ மட்டுமே. நீங்கள் படித்த நூலில் ரயில் பயணம் இல்லை, முகாம் இல்லை, பெர்கன்-பெல்சனில் அந்தப் பெண் இறந்ததும் இல்லை. நாட்குறிப்பு நின்றுபோகும் இடத்தில்தான் நீங்கள் கேட்கும் நூல்கள் தொடங்குகின்றன. அவற்றை எழுதியவர்களுக்கு முடிவு தெரியும். கூடவே, சொன்னால் யாரும் நம்பமாட்டார்கள் என்ற அச்சமும் அவர்களுக்கு இருந்தது.

இந்த அச்சம் பல நூல்களில் வெளிப்படையாகவே பேசுகிறது. எலி வீஸலின் ‘நைட்’ நூலின் முதல் பக்கங்களில் மோஷே என்ற ஏழை வருகிறார், யூதத் தொழுகைக்கூடத்தின் ஊழியர். 1941-இல் சிகெட் ஊரிலிருந்து வெளிநாட்டு யூதர்களோடு சேர்த்து நாடு கடத்தப்பட்டவர் அவர். காட்டில் எல்லோரும் சுடப்பட்டபோது தப்பித்து, ஊருக்குத் திரும்பி வீடு வீடாகச் சென்று சொல்கிறார். பைத்தியம் என்கிறார்கள். பிரிமோ லெவி முகாமில் திரும்பத் திரும்பக் கண்ட கனவும் இதே வகை: வீட்டுக்கு வந்துவிட்டார், உறவினர் நடுவே உட்கார்ந்து நடந்ததைச் சொல்கிறார், ஒருவரும் காது கொடுக்கவில்லை, தங்கை எழுந்து போய்விடுகிறாள். நண்பன் ஆல்பர்ட்டோவிடம் இதைச் சொன்னபோது, தனக்கும் அதே கனவுதான் என்றானாம். நம்பகத்தன்மை பற்றி நீங்கள் இன்று கேட்பதை அவர்கள் முகாமின் பலகைப் படுக்கையில் கிடந்தபோதே கேட்டுக்கொண்டார்கள்.

அதனால் எந்த நூலைக் கையில் எடுத்தாலும் முதலில் இரண்டு செய்திகளைத் தெரிந்துகொள்ளுங்கள்: எப்போது எழுதப்பட்டது, யாரை மனத்தில் வைத்து எழுதப்பட்டது. உங்கள் மூன்று கேள்விகளுக்கும் விடை பெரும்பாலும் இதில் அடங்கிவிடும்.

ஒரே ஒரு நூலைச் சொல் என்றால் தயங்காமல் லெவியின் ‘இஃப் திஸ் இஸ் எ மேன்’ என்பேன். அமெரிக்காவில் இதே நூல் ‘சர்வைவல் இன் ஆஷ்விட்ஸ்’ என்ற பெயரில் விற்கிறது. வெவ்வேறு நூல்கள் என்று எண்ணி இரண்டையும் வாங்கிவிட வேண்டாம். லெவி இத்தாலியின் டூரின் நகரத்து வேதியியலாளர். 1943 டிசம்பரில், 24 வயதில், மலைப்பகுதியில் ஒரு சிறு எதிர்ப்புக் குழுவோடு இருந்தபோது பிடிபட்டார். 1944 பிப்ரவரியில் ஃபோசோலி முகாமிலிருந்து அவரோடு ரயிலேற்றப்பட்டவர்கள் 650 பேர். ஆஷ்விட்ஸில் இறங்கியதும் வேலைக்கென்று பிரிக்கப்பட்டவர்கள் 96 ஆண்களும் 29 பெண்களும். மற்றவர்களில் ஒருவர்கூட இரண்டு நாளைக்கு மேல் உயிரோடு இல்லை. இப்படித்தான் எழுதுவார் லெவி. குரல் உயராது. தீர்ப்பை வாசகரிடம் விட்டுவிட்டு, சாட்சி சொல்வது மட்டுமே தன் வேலை என்று நினைத்தவர்.

ஐ.ஜி. ஃபார்பன் என்ற ஜெர்மானிய வேதிப்பொருள் நிறுவனத்தின் செயற்கை ரப்பர் ஆலை எழும்பிக்கொண்டிருந்த மோனோவிட்ஸ் என்ற ஆஷ்விட்ஸ் கிளை முகாமில் அவர் அடைக்கப்பட்டார். அந்த ஆலை கடைசிவரை ரப்பரே தயாரிக்கவில்லை. ஆயிரக்கணக்கானோர் அதைக் கட்டியே செத்தார்கள். முகாமுக்குள் ரொட்டிதான் நாணயம். கரண்டியைக்கூட ரொட்டி கொடுத்துத்தான் வாங்க வேண்டும். அளவு பொருந்தாத காலணி காலைப் புண்ணாக்கும், புண் வீங்கும், நடை தளரும், வேலைக்கு ஆகாதவர்களைப் பிரித்தெடுக்கும் அடுத்த தேர்வில் விஷவாயு அறைக்கு அனுப்பப்படுவீர்கள். சாவு காலணியில் தொடங்குகிறது என்பதை அவர் விளக்கும் பக்கங்கள், முகாம் எப்படி இயங்கியது என்பதை எந்த வரலாற்று நூலைவிடவும் தெளிவாக எனக்குக் காட்டின.

தான் பிழைத்ததற்கு லெவி தரும் காரணங்களில் வீரம் கிடையாது. ஆள் பற்றாக்குறையால் கைதிகளின் ஆயுளைச் சற்றே நீட்டிக்க ஜெர்மானியர் முடிவு செய்த பிறகு, 1944-இல் தான் வந்து சேர்ந்தது. ஓரளவு ஜெர்மன் தெரிந்தது. வேதியியல் படித்திருந்ததால் கடைசிக் குளிர்காலத்தில் ஆய்வகத்துக்குள் வேலை கிடைத்தது. லொரென்ஸோ என்ற இத்தாலியக் கொத்தனார், கைதி அல்லாதவர், ஆறு மாதம் தினமும் கஞ்சி கொண்டுவந்து கொடுத்தது, அதுவும் எதையும் திருப்பிக் கேட்காமல். கடைசியாக, 1945 ஜனவரியில் செம்புள்ளிக் காய்ச்சல் வந்து நோயாளிக் கொட்டகையில் கிடந்தது. ஜனவரி 18 அன்று நடக்க முடிந்தவர்களை எல்லாம் பனியில் மேற்கு நோக்கி நடத்திச் சென்றார்கள். ஆல்பர்ட்டோவும் போனான். அவனும், போனவர்களில் மிகப் பலரும் திரும்பவில்லை. காய்ச்சலால் எழ முடியாமல் கிடந்த லெவியை 27 ஆம் தேதி சோவியத் படையினர் கண்டார்கள்.

இந்த நூல் அச்சேறிய கதையும் உங்கள் கேள்வியோடு தொடர்புடையது. லெவி முகாம் பற்றி முதலில் எழுதியது இலக்கியம் அல்ல, மருத்துவ அறிக்கை. 1945-இல் காட்டோவிட்ஸேயில் சோவியத் அதிகாரிகள் கேட்டதற்காக, லியோனார்டோ டி பெனடெட்டி என்ற டூரின் மருத்துவரோடு சேர்ந்து மோனோவிட்ஸின் சுகாதார நிலை பற்றி எழுதினார். அது 1946-இல் ஒரு இத்தாலிய மருத்துவ இதழில் வெளிவந்தது. நினைவு நூலை எய்னௌதி பதிப்பகம் மறுத்துவிட்டது. 1947-இல் டி சில்வா என்ற சிறு பதிப்பகம் 2,500 படிகள் அச்சிட்டது. விற்காமல் ஃபிளாரன்ஸ் கிடங்கில் தங்கிய சில நூறு படிகள் 1966 வெள்ளத்தில் அழிந்தன. முன்பு மறுத்த அதே எய்னௌதி 1958-இல் வெளியிட்ட பிறகுதான் நூல் பரவியது. இன்று உலகம் கொண்டாடும் சாட்சியம் பதினோரு ஆண்டுகள் பரவலான வாசகர் இல்லாமல் கிடந்தது.

போர் முடிந்ததும் தப்பியவர்கள் வாய் மூடிக்கொண்டார்கள், 1961-இல் ஜெருசலேமில், யூதர்களை முகாம்களுக்கு அனுப்புவதை ஒழுங்கு செய்த நாஜி அதிகாரி ஐக்மன் மீது வழக்கு நடந்த பிறகே பேசத் தொடங்கினார்கள் என்று அடிக்கடி எழுதுகிறார்கள். எனக்கு இதில் உடன்பாடு இல்லை. அவர்கள் பேசினார்கள், கேட்க ஆள் இல்லை. போலந்தில் 1944-இலேயே யூத வரலாற்று ஆணையம் ஒன்று அமைந்து, சில ஆண்டுகளுக்குள் சுமார் 7,000 வாக்குமூலங்களைத் திரட்டிவிட்டது. டேவிட் போடர் என்ற உளவியலாளர் 1946-இல் கம்பியில் ஒலிப்பதிவு செய்யும் கருவியோடு ஐரோப்பா சென்று நூற்றுக்கும் மேற்பட்டோரின் குரலைப் பதிவு செய்தார். கவிஞர் அப்ரஹாம் சுட்ஸ்கெவர் வில்னா நகரின் கெட்டோ (யூதர்களை அடைத்துவைத்த பகுதி) பற்றி உடனடியாக, கிழக்கு ஐரோப்பிய யூதர்களின் மொழியான யித்திஷில் நூல் எழுதினார், 1946 பிப்ரவரியில் நாஜித் தலைவர்களை விசாரித்த நூரம்பர்க் நீதிமன்றத்தில் சாட்சியும் சொன்னார். புவெனோஸ் ஐரிஸில் 1946 முதல் 1966 வரை போலந்து யூதர்களைப் பற்றி யித்திஷில் 175 நூல்கள் ஒரே வரிசையில் வந்தன. இவற்றைப் படித்தவர்கள் பெரும்பாலும் அதே இழப்பைச் சுமந்தவர்கள்தான். வெளியார் காதுக்கு இது எட்டவில்லை.

அந்த 175-இல் ஒன்றுதான் எலி வீஸலின் முதல் நூல். 1956-இல் வந்தது, 245 பக்கங்கள். உலகம் மௌனமாக இருந்தது என்ற குற்றச்சாட்டே அதன் தலைப்பு. பிரெஞ்சு எழுத்தாளர் ஃபிரான்சுவா மோரியாக்கின் தூண்டுதலால் பிரெஞ்சில் சுருக்கி எழுதப்பட்டு 1958-இல் வெளிவந்ததுதான் நாம் ‘நைட்’ என்று படிக்கும் சிறு நூல். இரண்டின் முடிவையும் ஒப்பிட்டுப் பார்த்திருக்கிறார்கள். விடுதலைக்குப் பின் நோயுற்று, தேறி, கண்ணாடியில் தன் முகத்தைப் பார்த்த சிறுவனுக்கு ஒரு பிணம் தன்னைப் பார்ப்பதாகத் தோன்றுகிறது. பிரெஞ்சு நூல் அங்கேயே முடிகிறது. யித்திஷ் நூலில் அவன் கண்ணாடியை உடைக்கிறான். அதன் பிறகு ஆசிரியரின் கோபம் பேசுகிறது: பத்தே ஆண்டுகளில் எல்லாவற்றையும் மறந்துவிட்டார்கள், ஆறு மில்லியன் பேர் கொல்லப்பட்டதே கட்டுக்கதை என்று சொல்பவர்களும் வந்துவிட்டார்கள் என்கிறார். தன் மக்களிடம் பேசும்போது கோபத்தை மறைக்க வேண்டியதில்லை. கிறிஸ்தவ ஐரோப்பாவிடம் பேசும்போது துயரம் முன்னால் வந்து கோபம் பின்னுக்குப் போகிறது. ஒரே மனிதர், ஒரே நிகழ்ச்சிகள், இரண்டு வாசகர் கூட்டம். எந்த நூலில் பொய் இருக்கிறது என்று கேட்டால், இரண்டிலும் இல்லை என்பேன்.

‘நைட்’டில் என்னால் எளிதில் கடக்க முடியாத பகுதி அதன் புகழ்பெற்ற தொடக்கப் பக்கங்கள் அல்ல, புகன்வால்டில் தந்தை இறக்கும் இரவுதான். தந்தை பெயர் சொல்லி அழைக்கிறார். அடி விழும் என்ற பயத்தில் மகன் அசையவில்லை. விடிந்ததும் அந்தப் படுக்கையில் வேறு ஒருவர் கிடக்கிறார். 16 வயதில் நடந்த இதை எழுதி, உலகமெங்கும் அச்சிட்டு விற்க ஒப்புக்கொள்வதற்கு என்ன மனம் வேண்டும் என்று எண்ணிப் பாருங்கள். தன்னை உயர்த்திக் காட்ட எழுதுபவர்கள் இந்தப் பக்கத்தை விட்டுவிடுவார்கள்.

லெவி, வீஸல் இருவரோடு நின்றுவிட்டால் ஒரு பெரிய தவறான எண்ணம் உங்களுக்குள் படிந்துவிடும். ஆஷ்விட்ஸ் கொலைக்கூடமாகவும் அடிமை உழைப்பு முகாமாகவும் ஒருசேர இருந்தது. அங்கே சுமார் 11 லட்சம் பேர் கொல்லப்பட்டார்கள், அவர்களில் ஏறத்தாழ 10 லட்சம் பேர் யூதர்கள். உழைப்புக்கு ஆள் தேவைப்பட்டதால் பல்லாயிரம் பேர் உயிரோடும் மிஞ்சினார்கள். நினைவு நூல்களில் பெரும்பங்கு அங்கிருந்து வருவதற்குக் காரணம் இதுதான். ட்ரெப்ளிங்கா, பெல்ஜெட்ஸ், சோபிபோர் ஆகியவை ரயிலிலிருந்து இறக்கியதும் கொல்வதற்கென்றே கட்டப்பட்டவை. ட்ரெப்ளிங்காவில் ஓராண்டுக்குச் சற்றுக் கூடுதலான காலத்தில் ஒன்பது லட்சம் பேர் வரை மடிந்தார்கள். 1943 ஆகஸ்ட் 2 அன்று கைதிகள் கிளர்ந்தெழுந்து தப்பினார்கள். அப்படித் தப்பி, போரின் முடிவைக் கண்டவர்கள் ஏறத்தாழ 70 பேர்.

அவர்களில் ஒருவர் யாங்கியல் வியர்னிக், தச்சர். 1942 ஆகஸ்டில் வார்சாவிலிருந்து ட்ரெப்ளிங்காவுக்குக் கொண்டுசெல்லப்பட்டவர். தச்சு வேலை தெரிந்ததால் முகாமின் கட்டடங்களை எழுப்பும் வேலையில் வைத்திருந்தார்கள். உயிர் பிழைக்க வைத்ததும் அதே கைத்தொழில்தான். தப்பி வந்து வார்சாவில் ஒளிந்திருந்தபடியே எழுதிய அவருடைய ‘எ இயர் இன் ட்ரெப்ளிங்கா’, 1944-இல், ஜெர்மானியப் படை நகரில் இருக்கும்போதே, தலைமறைவு அச்சகத்தில் அச்சானது. போர் நடந்துகொண்டிருக்கும்போதே வந்த சாட்சியம் இது. நடையழகு எதுவும் இல்லை. எந்தக் கட்டடம் எங்கே இருந்தது, எத்தனை அறைகள், யார் எங்கே நின்றார்கள் என்று ஒரு கட்டட வேலைக்காரரின் கண்ணோடு எழுதியிருக்கிறார். பிற்காலத்தில் இஸ்ரேலில் அந்த முகாமின் மாதிரி ஒன்றைத் தன் கையாலேயே செய்து அருங்காட்சியகத்துக்குக் கொடுத்தார், ஐக்மன் வழக்கிலும் சாட்சி சொன்னார்.

பெல்ஜெட்ஸின் நிலை இதைவிடக் கொடியது. 1942-இன் இறுதிக்குள் அங்கே கொண்டுவரப்பட்டவர்களின் எண்ணிக்கை 4,34,508 என்று ஜெர்மானியரின் ரகசியத் தந்தி ஒன்றே சொல்கிறது. இத்தனை பேர் இறந்த இடத்தைப் பற்றி உள்ளிருந்து பிழைத்தவர் எழுதிய நூல் ஒன்றே ஒன்றுதான், அதுவும் மெலிந்தது. எழுதியவர் ருடால்ஃப் ரெடர், லிவோவ் நகரில் சோப்பு ஆலை வைத்திருந்தவர், அப்போது வயது அறுபதைத் தாண்டிவிட்டது. 1942 நவம்பரில் தகடு வாங்கிவர அவரைக் காவலோடு லிவோவுக்கு அனுப்பினார்கள். காவலர் தூங்கிவிட்டார், ரெடர் நழுவிவிட்டார். அந்தத் தூக்கம் இல்லாவிட்டால் அந்த நூலும் இல்லை. அவருடைய குறிப்புகள் 1946-இல் கிராக்கோவில் வெளிவந்தன.

லெவி தன் கடைசி நூலான ‘த டிரௌண்ட் அண்ட் த சேவ்ட்’டில், 1986-இல், இதைத்தான் வற்புறுத்தினார்: உண்மையான சாட்சிகள் நாங்கள் அல்ல, அடிவரை போனவர்கள் திரும்பவில்லை, திரும்பிய நாங்கள் விதிவிலக்குகள். பிழைப்பதற்காகச் சிறு சலுகைகளை ஏற்றவர்கள், மற்றவர்களைக் கண்காணித்தவர்கள் என்று குற்றவாளிக்கும் பலியானவருக்கும் இடையில் ஒரு சாம்பல் நிறப் பகுதி இருந்ததையும் அதில் விவரிக்கிறார். அதிலிருந்து தன்னை முழுமையாக விலக்கிக்கொள்ளவும் இல்லை. எத்தனை நினைவு நூல்களைப் படித்தாலும் இந்த நூலைக் கடைசியில் படியுங்கள், அதற்கு முன் படித்தவை எல்லாம் வேறு பொருள் கொள்ளும்.

பெண்களின் எழுத்துக்கு வருகிறேன். நீண்ட காலம் இவற்றுக்கு உரிய இடம் கிடைக்கவில்லை. கிஸெல்லா பெர்ல் வீஸலின் அதே சிகெட் ஊரைச் சேர்ந்த மகப்பேறு மருத்துவர். ஆஷ்விட்ஸில் கருவுற்றிருப்பது தெரிந்தால் தாயோடு சேர்த்துக் கொன்றுவிடுவார்கள் என்பதைக் கண்ட அவர், இருட்டில், கருவியோ மருந்தோ இல்லாமல், வெறும் கையால் கருக்கலைப்புகள் செய்தார். பிரசவம் பார்ப்பதைத் தொழிலாகக் கொண்ட, இறைப்பற்று மிக்க ஒரு பெண் இதைச் செய்து, 1948-இலேயே பெயரோடு எழுதி வெளியிட்டார். ஓல்கா லெங்யெல் ‘ஃபைவ் சிம்னீஸ்’ நூலில் எழுதியதோ ஒரு தாயின் நிலை. ரயிலடியில் மூத்த மகனின் வயதைக் கேட்டபோது, கடும் வேலைக்கு அனுப்பிவிடுவார்களோ என்று பயந்து, இன்னும் பன்னிரண்டு ஆகவில்லை என்றார். சிறுவர்கள் போகும் பக்கத்துக்கு அவன் அனுப்பப்பட்டான். அந்தப் பக்கம் எங்கே போகிறது என்று அவருக்கு அப்போது தெரியாது.

இதன் அருகில் ரூத் க்ளூகரின் ‘ஸ்டில் அலைவ்’ நூலை வையுங்கள். வியன்னாவில் பிறந்தவர், 1944-இல் ஆஷ்விட்ஸின் ஒரு பகுதியான பிர்க்கெனாவில் இருந்தபோது வயது 12. உழைப்பு முகாமுக்கு ஆள் எடுக்கும் வரிசையில் உண்மை வயதைச் சொன்னதால் ஒதுக்கப்பட்டார். இரண்டாவது முறை வேறு வரிசையில் நின்றபோது, எழுத்தர் வேலை பார்த்த ஓர் இளம் கைதி அருகில் வந்து, பதினைந்து என்று சொல் என்றாள். சொன்னார், பிழைத்தார். முன்பின் தெரியாத அந்தப் பெண் ஏன் தனக்கு உதவினாள் என்பதற்குக் காரணம் தேடாமல், அதை விளக்கமே இல்லாத ஒரு நன்மைச் செயலாகவே க்ளூகர் வைக்கிறார். ஒரு குழந்தைக்குப் பன்னிரண்டு ஆகவில்லை என்று சொன்னது சாவுக்கு வழியாயிற்று, இன்னொரு குழந்தை வயதைக் கூட்டிச் சொன்னது உயிரைக் காத்தது. இந்த இரண்டு பக்கங்களையும் படித்தவர்கள், புத்திசாலிகள் பிழைத்தார்கள் என்றோ மனவுறுதி உள்ளவர்கள் பிழைத்தார்கள் என்றோ பேசமாட்டார்கள்.

க்ளூகரின் நூல் 1992-இல் ஜெர்மனில் வந்தது. தன் தாயைப் பற்றிக் கசப்பான உண்மைகளை எழுதியிருந்ததால் தாய் இறக்கும்வரை ஆங்கிலத்தில் வெளியிடவில்லை. 2001-இல், மொழிபெயர்ப்பாக விடாமல், அமெரிக்க வாசகர்களுக்காகத் தானே திருத்தி எழுதினார். முகாம்களை அருங்காட்சியகமாக்கி, பயணிகளைக் கூட்டிச் சென்று கண்ணீர் விட வைப்பதை அவர் ஏற்கவில்லை. துன்பம் மனிதரை மேன்மைப்படுத்தும் என்ற பேச்சையும் ஏற்கவில்லை. உங்கள் மகளுக்கு வாதம் செய்யும் குணம் இருந்தால் க்ளூகரைப் பிடிக்கும்.

ஒருவரோடு ஒருவர் வாதிடும் நூல்கள் இவை என்பதைப் பலர் கவனிப்பதில்லை. ழான் அமெரி, வியன்னாவில் ஹான்ஸ் மையர் என்ற பெயரில் பிறந்தவர், பெல்ஜியத்து எதிர்ப்பு இயக்கத்தில் இருந்து 1943-இல் பிடிபட்டார். பிரெண்டோங்க் கோட்டையில் கைகளை முதுகுக்குப் பின்னால் கட்டிக் கொக்கியில் தொங்கவிட்டார்கள், தோள் மூட்டுகள் கழன்றன. பின்பு லெவி இருந்த அதே மோனோவிட்ஸுக்கு அனுப்பப்பட்டார். படிப்பும் பண்பாடும் முகாமில் எதற்கும் உதவவில்லை, கவிதை வரிகள் செத்துப்போயின என்று 1966-இல் எழுதினார். லெவியோ, கஞ்சிப் பானையைத் தூக்கிக்கொண்டு போகும் வழியில் ஒரு பிரெஞ்சு இளைஞனுக்கு இத்தாலியக் கவிஞர் தாந்தேயின் வரிகளைச் சொல்ல முயன்றதை எழுதியவர். மறந்துபோன சில அடிகள் நினைவுக்கு வருமானால் அன்றைய கஞ்சியையே கொடுத்துவிடலாம் என்று தோன்றியதாம், அதுவும் அந்தப் பசியில். அமெரி லெவியை மன்னிப்பவர் என்று சொல்ல, லெவி அதை மறுத்துத் தன் கடைசி நூலில் ஓர் அத்தியாயமே எழுதினார். அமெரி வன்மத்தைத் தன் உரிமையாகவே கோரினார். நடந்ததை நடக்காததாக்க முடியாதபோது, காலம் எல்லாவற்றையும் ஆற்றிவிடும் என்பது குற்றவாளிகளுக்கு வசதியான பேச்சு என்றார். ஒரே முகாமிலிருந்து வந்த இருவர் இவ்வளவு வேறுபடுகிறார்கள். தப்பியவர்கள் எல்லோரும் இப்படித்தான் என்று பொதுவாகச் சொல்லவே முடியாது.

விக்டர் ஃபிராங்க்லின் ‘மேன்ஸ் சர்ச் ஃபார் மீனிங்’ நம் ஊர்ப் புத்தகக் கடைகளில் எளிதாகக் கிடைக்கிறது, அதனால் பலரும் அதில் தொடங்குகிறார்கள். நான் அதை முதல் நூலாகப் பரிந்துரைக்கமாட்டேன். ஃபிராங்க்ல் பட்ட துன்பத்தில் ஐயமில்லை: மனைவி பெர்கன்-பெல்சனில் இறந்தார், பெற்றோரையும் இழந்தார். ஆனால் அவர் ஏற்கெனவே ஒரு மனநலக் கொள்கை கொண்டிருந்த மருத்துவர், முகாம் அனுபவத்தை அந்தக் கொள்கைக்குச் சான்றாக வரிசைப்படுத்தினார். ஆஷ்விட்ஸில் அவர் இருந்தது சில நாட்களே. கூடுதலான காலம் டஹாவின் கிளை முகாம்களில். நூலைப் படிப்பவர்களுக்கு இது எளிதில் பிடிபடுவதில்லை. வாழ்வில் பொருள் கண்டவன் பிழைப்பான் என்ற எண்ணம் வாசகரிடம் தங்கிவிட்டால், விஷவாயு அறைக்கு நேராக அனுப்பப்பட்டவர்கள் பொருள் காணத் தவறியவர்கள் ஆகிவிடுவார்கள். ஃபிராங்க்ல் அப்படிச் சொல்லவில்லை, ஆனால் தன்முன்னேற்ற நூல் அலமாரியில் வைத்துப் படிக்கும்போது அப்படித்தான் போய் முடிகிறது. 2017-இல் தன் தொண்ணூறாவது வயதில் எடித் ஈகர் எழுதியதையும், 2020-இல் நூறு வயதில் எடி ஜாகு எழுதியதையும் இதே எச்சரிக்கையோடு படிக்கலாம். ஆறுதல் தேடும் இன்றைய வாசகருக்காக எழுதப்பட்டவை அவை.

இனி நம்பகத்தன்மை. நினைவு தவறும், அதில் மறைக்க எதுவும் இல்லை. ஆஷ்விட்ஸில் 1944 அக்டோபர் 7 அன்று பிணங்களை எரிக்கும் வேலையில் வைக்கப்பட்டிருந்த கைதிகள் கிளர்ந்தெழுந்தபோது நான்கு புகைபோக்கிகளும் வெடித்துச் சிதறியதாக ஒரு பெண் பிற்காலத்தில் வாக்குமூலம் அளித்தார். உண்மையில் தீக்கிரையானது ஓர் எரிகூடம்தான். வரலாற்றாசிரியர்கள் சிலர் அந்த வாக்குமூலத்தையே ஒதுக்கினார்கள். குழந்தைப் பருவத்தில் தப்பியவரான உளப்பகுப்பாய்வாளர் டோரி லாப், அங்கே எதிர்ப்பு என்ற நினைக்கவே முடியாத ஒன்று நடந்ததற்கு அந்தப் பெண் சாட்சி என்று வாதிட்டார். எனக்கு இரு தரப்பும் வேண்டும். எத்தனை எரிகூடம் என்பதற்கு ஆவணத்தைப் பார்ப்பேன். அந்த நாள் கைதிகளுக்குள் என்ன செய்தது என்பதற்கு அந்தப் பெண்ணிடம்தான் போக வேண்டும்.

இந்தச் சிக்கலை மிகப் பொறுமையாக ஆராய்ந்தவர் அமெரிக்க வரலாற்றாசிரியர் கிறிஸ்டோஃபர் பிரவுனிங். போலந்தின் வியர்ஸ்ப்னிக் கெட்டோ 1942 அக்டோபர் 27 அன்று காலி செய்யப்பட்டது. ஏறத்தாழ 4,000 பேர் ட்ரெப்ளிங்காவுக்கும், சுமார் 1,600 பேர் ஸ்டாராகோவிட்ஸே ஆயுத ஆலைகளின் முகாம்களுக்கும் போனார்கள். அந்த ஊரின் ஜெர்மானியக் காவல் தலைவர் வால்டர் பெக்கர் மீதான வழக்கில் 1972-இல் ஹாம்பர்க் நீதிமன்றம் யூத சாட்சிகளின் வாக்குமூலங்களை நம்பத்தகாதவை என்று தள்ளி அவரை விடுவித்தது. அந்தத் தீர்ப்பைப் படித்துக் கொதித்துப்போன பிரவுனிங், அந்த முகாம்களிலிருந்து தப்பியவர்கள் வெவ்வேறு காலங்களில் அளித்த 292 வாக்குமூலங்களை ஒன்றோடொன்று ஒப்பிட்டு 2010-இல் ‘ரிமெம்பரிங் சர்வைவல்’ நூலை எழுதினார். நிகழ்ச்சிகளின் மையம் பத்தாண்டுகள் பல கடந்தும் மாறவில்லை என்று கண்டார். மாறிய இடங்களும் இருந்தன. ஆஷ்விட்ஸுக்கு அவர்கள் வந்த ரயிலில் வழக்கமான தேர்வு நடக்கவில்லை, ஆனால் அங்கே தேர்வு நடத்திப் பெயர்பெற்ற நாஜி மருத்துவர் மெங்கலேயே தங்களைத் தேர்ந்ததாகப் பலர் பிற்காலத்தில் சொன்னார்கள். திரைப்படங்களும் நூல்களும் பரப்பிய காட்சி சொந்த நினைவோடு கலந்துவிட்டது. இதற்கு நேர் எதிரானதும் உண்டு. ஆஷ்விட்ஸ் செல்லும் ரயில் பெட்டிக்குள் கைதிகள் சிலரைக் கைதிகளே கொன்றதைப் பற்றித் தொடக்கத்தில் அநேகமாக யாரும் வாய் திறக்கவில்லை. சம்பந்தப்பட்டவர்கள் இறந்து, பல ஆண்டுகள் ஓடிய பிறகே பேசினார்கள். ஆகவே, காலத்தால் முந்தியதுதான் உண்மைக்கு நெருக்கமானது என்று விதி போட்டுவிட முடியாது.

பொய்யர்களைப் பற்றிச் சுருக்கமாகச் சொல்கிறேன், அவர்களுக்குக் கிடைத்த கவனம் ஏற்கெனவே அதிகம். பின்யமின் வில்கோமிர்ஸ்கி என்ற பெயரில் 1995-இல் வந்த குழந்தைப் பருவ நினைவு நூல் பரிசுகள் பெற்றது. 1998-இல் சுவிஸ் எழுத்தாளர் டேனியல் கான்ஸ்ஃபிரீட், அதன் ஆசிரியர் சுவிட்சர்லாந்திலேயே பிறந்து தத்தெடுக்கப்பட்டவர், யூதரே அல்லர் என்று ஆவணங்களோடு காட்டினார். ஓநாய்களோடு வாழ்ந்து ஐரோப்பாவைக் கால்நடையாகக் கடந்ததாக எழுதிய மிஷா டிஃபோன்செக்கா 2008-இல் அது கற்பனை என்று ஒப்புக்கொண்டார். ரயில் பட்டியல்கள், முகாம் எண்கள், பிறப்புப் பதிவுகள், அதே கொட்டகையில் இருந்த மற்றவர்களின் சாட்சியம் என்று இத்துறையில் சரிபார்க்க இவ்வளவு இருப்பதால்தான் பொய் அம்பலமாகிறது. இப்படுகொலையே நடக்கவில்லை என்னும் மறுப்பாளர்கள் இந்த இரண்டு மூன்று பெயர்களைத் தூக்கிக்கொண்டு அலைகிறார்கள். அவர்களுக்கு வியர்னிக்கையோ ரெடரையோ ஒரு பக்கமாவது படித்த அடையாளம் இருக்காது.

புத்தகக் கடையில் இன்னொரு குழப்பமும் வரும். ஆஷ்விட்ஸ் என்ற சொல்லைத் தலைப்பில் தாங்கி இப்போது குவிபவற்றில் பல நாவல்கள். உண்மைக் கதையை அடிப்படையாகக் கொண்டது என்று அட்டையில் இருந்தாலும் அவை நினைவு நூல்கள் ஆகா. ‘த டாட்டூயிஸ்ட் ஆஃப் ஆஷ்விட்ஸ்’ நாவலில் உள்ள தகவல் பிழைகளை ஆஷ்விட்ஸ் நினைவகமே 2018-இல் வெளிப்படையாகச் சுட்டியது. இம்ரே கெர்தேஸின் ‘ஃபேட்லெஸ்னஸ்’ஸும் நாவல்தான், ஆனால் 14 வயதில் ஆஷ்விட்ஸுக்கு அனுப்பப்பட்டவரே எழுதியது. அதைத் தாராளமாகப் படியுங்கள், நாவல் என்று தெரிந்தே படியுங்கள்.

உங்கள் மகளுக்கு முதல் நூலாக கெர்டா வைஸ்மன் கிளைனின் ‘ஆல் பட் மை லைஃப்’ஐக் கொடுங்கள். 1957-இல் வந்தது. போலந்தின் பியெல்ஸ்கோ ஊரில் போர் தொடங்கியபோது கெர்டாவுக்கு 15 வயது, ஆக உங்கள் மகளின் வயதுதான் ஏறக்குறைய. 1942 ஜூன் மாதக் கோடையில் தந்தை வற்புறுத்தி அணியச் செய்த பனிச்சறுக்குக் காலணிதான், ஏறத்தாழ மூன்றாண்டுகள் கழித்து ஜெர்மானியர் நூற்றுக்கணக்கான மைல் நடத்திச் சென்ற பனிப் பயணத்தில் அவரைக் காத்தது. லெவி காலணியைப் பற்றி எழுதியதை அதன் பிறகு அவள் படித்தால் உடனே புரிந்துகொள்வாள். அடுத்து ‘நைட்’. ஒரே மாலையில் படித்து முடிக்கக்கூடியது, ஆனால் தனியாகப் படிக்க விடாதீர்கள். பிறகு லெவியின் முதல் நூலை இருவரும் சேர்ந்து, ஒரு வரைபடத்தைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு, மெதுவாகப் படியுங்கள். க்ளூகர் அடுத்த ஆண்டுக்கு. பெர்ல், வியர்னிக், ரெடர் மூவரையும் அவள் கல்லூரிக்குப் போன பிறகு படிக்கட்டும். நீங்கள் மட்டும் காத்திருக்க வேண்டாம், அவளுடைய கேள்விகள் அதற்கு முன்பே வரும்.